15 வருடக் கடன்: 4 வருடம் கட்டியும் இன்னும் 14 வருடம் பாக்கியா?

கேள்வி: 2021 அக்டோபரில் ஒரு பொதுத்துறை வங்கியில் 40 லட்சம் ரூபாய் வீட்டுக்கடன் வாங்கினேன். 15 வருடம், 6.7 சதவீத வட்டி, மாதத் தவணை 35,285 ரூபாய். ஒரு மாதம்கூடத் தவறியதில்லை. 2025 டிசம்பரோடு 50 தவணை முடிந்தது. இப்போது ஸ்டேட்மென்ட் எடுத்தால் அசல் பாக்கி 35.74 லட்சம், இன்னும் 14 வருடம் கட்ட வேண்டும் என்று இருக்கிறது. நாலு வருடத்துக்கு மேல் கட்டியும் ஒரே ஒரு வருடம்தான் கழிந்ததா? வங்கி ஏமாற்றுகிறதா? தெரிந்த ஏஜென்ட் ஒருவர் வேறு இடத்தில் 7.45 சதவீதத்துக்கு மாற்றித் தருகிறேன், தவணை 28,700-க்குள் வந்துவிடும் என்கிறார். மாற்றலாமா?
(மதுரை வாசகர், வயது 42)

பதில்: முதலில் உங்கள் பயத்துக்குப் பதில். வங்கி கணக்கில் தவறு செய்யவில்லை. நீங்கள் கொடுத்த எண்களை வைத்து மாதம் மாதமாகப் போட்டுப் பார்த்தேன், 35.74 லட்சம் சரியாக வருகிறது. ஆனால் உங்களுக்கு ஒழுங்காகச் சொல்ல வேண்டிய ஒன்றை வங்கி சொல்லாமல் விட்டிருக்கிறது. ஏஜென்ட் சொல்வதோ அதைவிடப் பெரிய ஆபத்து. அதற்குப் பிறகு வருகிறேன்.

உங்கள் கடன் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதத்தோடு, அதாவது வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டியோடு, கட்டப்பட்டது. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் இப்படி வெளி அளவுகோல் ஒன்றோடு இணைந்திருக்க வேண்டும் என்பது விதி. நீங்கள் வாங்கியபோது ரெப்போ 4 சதவீதம். அதன்மேல் வங்கி 2.7 சதவீதம் வைத்து 6.7 என்று கொடுத்தது. அவ்வளவு குறைந்த வட்டி கொரோனா காலத்துக்கானது. கையெழுத்து வாங்கிய அதிகாரி அதைச் சொல்லியிருக்க வேண்டும். 2022 மே மாதத்தில் ரெப்போ ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5-ஐத் தொட்டது. உங்கள் வட்டி 9.2 ஆனது. இரண்டு வருடம் அப்படியே நின்றது. 2025-இல்தான் படிப்படியாக இறங்கி, டிசம்பரில் ரெப்போ 5.25-க்கு வந்தது. இப்போது உங்கள் வட்டி 7.95.

வட்டி ஏறியபோது உங்கள் தவணை ஏறவில்லை, இல்லையா? அங்கேதான் விஷயம் இருக்கிறது. தவணை என்பது ஒரு தொகை. அதில் முதலில் அந்த மாத வட்டியை எடுத்துக்கொண்டு, மிச்சத்தைத்தான் அசலில் கழிப்பார்கள். முதல் மாதம் நீங்கள் கட்டிய 35,285-இல் வட்டி 22,333 போக, 12,952 ரூபாய் அசலுக்குப் போனது. 2023 ஏப்ரலில் அதே 35,285-இல் வட்டி மட்டும் சுமார் 29,280. அசலுக்குப் போனது ஆறாயிரம் சொச்சம். பணம் அதேதான் கட்டினீர்கள், கடன் கரைவது பாதிக்கும் கீழே போய்விட்டது. அதனால் காலம் நீண்டது. 50 தவணையில் நீங்கள் கொடுத்தது 17.64 லட்சம். அசல் குறைந்தது 4.26 லட்சம். மீதி 13.38 லட்சமும் வட்டி.

இதை இப்படியே விட்டால் என்ன ஆகும்? 2036 அக்டோபரில் முடிய வேண்டிய கடன் 2039 கடைசி வரை போகும். மூன்று வருடம் சொச்சம் அதிகம். அந்த அதிகத் தவணைகளை மட்டும் கூட்டினால் சுமார் 13.5 லட்சம். முதல்நாள் கணக்குப்படி 40 லட்சத்துக்கு மொத்தம் 63.5 லட்சம் கட்டி முடித்திருப்பீர்கள். இப்போதைய கணக்குப்படி கிட்டத்தட்ட 77 லட்சம். வீட்டுக்கடனின் உண்மையான விலை இந்த மொத்தத் தொகைதான். வட்டி எத்தனை சதவீதம், தவணை எவ்வளவு என்று மட்டும் கேட்பவர்கள் இதைப் பார்ப்பதே இல்லை. பார்க்க வேண்டாம் என்றுதான் விளம்பரங்களும் எழுதப்படுகின்றன.

வங்கி எதைச் சொல்லாமல் விட்டது என்று இப்போது பார்ப்போம். 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டி மாற்றப்படும்போது, தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும். பகுதித் தொகை கட்டவோ முழுதாக அடைக்கவோ வழி தர வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை, இதுவரை எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி போயிருக்கிறது, எத்தனை தவணை பாக்கி என்று அறிக்கை தர வேண்டும். பழைய கடன்களுக்கும் 2023 டிசம்பர் 31-க்குள் இது பொருந்தும்படி செய்து, எல்லாக் கடன்காரர்களுக்கும் தெரிவிக்க வேண்டும். நல்ல விதிதான். ஆனால் நடைமுறையில் வந்தது என்ன? "உங்கள் கடனின் வட்டி விகிதம் திருத்தப்பட்டுள்ளது" என்று ஒரு வரி எஸ்.எம்.எஸ். அதில் காலம் எத்தனை மாதம் நீண்டது என்று இருக்காது. பதில் சொல்லாவிட்டால் காலம் தானாக நீளும். வங்கிக்கு அதில் நஷ்டம் எதுவும் இல்லை, வட்டி வந்துகொண்டே இருக்கும். நீங்கள் ஓ.டி.பி.யும் விளம்பரமுமாக வரும் நூறு செய்திகளுக்கு நடுவே அதைப் பார்க்காமல் விட்டதில் ஆச்சரியம் இல்லை. 15 வருடக் கடன் 18 வருடத்துக்கு மேல் ஆவதை இப்படியா தெரிவிப்பது?

சரி, ஏஜென்ட்.

அவர் தவணையைச் சொன்னார், வட்டியைச் சொன்னார். எத்தனை வருடம் என்று சொன்னாரா? உங்கள் கடிதத்தில் இல்லை. நான் திருப்பிப் போட்டுப் பார்த்தேன். 35.74 லட்சத்துக்கு 7.45 சதவீத வட்டியில் தவணை 28,700-க்குள் வர வேண்டுமென்றால் காலம் 20 வருடமாக இருக்க வேண்டும். அதாவது உங்களுக்கு 62 வயதாகும் வரை. மாதம் 6,600 ரூபாய் மிச்சம் என்பது உண்மை. ஆனால் 240 மாதத்தில் மொத்தம் கட்டுவது 68.8 லட்சம். இப்போது இருக்கும் இடத்திலேயே எதுவும் செய்யாமல் இருந்தால் கட்டப்போவது 59.4 லட்சம். அரை சதவீதம் குறைந்த வட்டிக்குப் போய் ஒன்பது லட்சத்துக்கு மேல் அதிகம் கொடுப்பீர்கள். இதற்குப் பெயர் அவர் பாஷையில் "சேமிப்பு".

இந்த ஏஜென்ட்களில் பெரும்பாலோருக்குக் கமிஷன் கடன் தொகையில் சதவீதமாக வருகிறது. நீங்கள் எத்தனை வருடம் கட்டுகிறீர்கள் என்பது அவர்களுக்கு ஒரு பொருட்டே இல்லை. கடன் எவ்வளவு பெரிதாகிறதோ அவ்வளவு நல்லது. அதனால்தான் மாற்றும்போதே "டாப்-அப் ஒரு அஞ்சு லட்சம் போட்டுக்கலாம் சார், கார் வாங்கிக்கலாம்" என்பார்கள். காருக்கு 20 வருடம் வட்டி கட்டுவதா என்று யோசியுங்கள்.

அதைவிட மோசமானது, கடனோடு ஒட்டி வரும் இன்சூரன்ஸ். "லோன் சாங்ஷன் ஆக இது கட்டாயம்" என்று சொல்லி, ஒரே தவணை பிரீமியத்தைக் கடன் தொகையிலேயே சேர்த்துவிடுவார்கள். ஒன்றரை லட்சம் பிரீமியம் என்று வைத்துக்கொள்ளுங்கள். 7.45 சதவீதத்தில் 20 வருடத்துக்கு அதற்கு மட்டும் நீங்கள் கட்டுவது 2.89 லட்சம். அந்தப் பாலிசியைக் கடன் வாங்கும் இடத்திலேயே எடுத்தாக வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. குடும்பத்துக்குப் பாதுகாப்பு வேண்டுமென்றால் தனியாக ஒரு டெர்ம் பாலிசி எடுங்கள்; அது கடன் முடிந்த பிறகும், கடன் வேறு இடம் போனாலும் உங்களோடு இருக்கும். 2024 அக்டோபர் 1 முதல் தனிநபர்களுக்கும் சிறு தொழில்களுக்கும் தரும் புதிய தவணைக் கடன்களுக்குக் கையெழுத்துக்கு முன்பே முக்கிய விவரக் குறிப்பு ஒன்றைத் தர வேண்டும். கட்டணம், இன்சூரன்ஸ் எல்லாம் சேர்த்து வருடத்துக்கு உண்மையில் எத்தனை சதவீதம் ஆகிறது என்று அதில் இருக்கும். அதில் இல்லாத கட்டணத்தை உங்கள் சம்மதம் இல்லாமல் வாங்க முடியாது. யார் கடன் தருவதாகச் சொன்னாலும் முதலில் அந்தத் தாளைக் கேளுங்கள். ஏஜென்ட் "அதெல்லாம் சாங்ஷனுக்கு அப்புறம் வரும்" என்றால் எழுந்து வந்துவிடுங்கள்.

இன்னொன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். ஏஜென்ட் சொல்லும் "வேறு இடம்" வங்கியா, வீட்டுக்கடன் நிறுவனமா? நம் ஊரில் இரண்டையும் "பேங்க்" என்றே சொல்லிவிடுகிறோம். நான் மேலே சொன்ன ரெப்போ இணைப்பு விதி வங்கிகளுக்குத்தான் கட்டாயம். வீட்டுக்கடன் நிறுவனங்கள் தங்களுக்கென்று ஓர் அடிப்படை வட்டி வைத்துக்கொண்டு, அதிலிருந்து கூட்டியோ குறைத்தோ உங்கள் வட்டியைச் சொல்லலாம். அந்த அடிப்படை வட்டியை எப்போது, எவ்வளவு மாற்றுவது என்பது அவர்கள் முடிவு. ரெப்போ ஏறினால் உடனே ஏறும். இறங்கும்போது? புதிதாக வருபவருக்குக் குறைந்த வட்டியை விளம்பரம் செய்வார்கள். பழைய கடன்காரர் பழைய வட்டியிலேயே கட்டிக்கொண்டிருப்பார். அவராகப் போய்க் கேட்டால், ஒரு கட்டணம் வாங்கிக்கொண்டு மாற்றித் தருவார்கள். கேட்காதவருக்கு ஒன்றும் இல்லை. இன்று 7.45 என்று உள்ளே போய், இரண்டு வருடத்தில் புதியவர்களைவிட அதிகம் கட்டிக்கொண்டிருப்பது அங்கே நடக்கக்கூடியது. எல்லா நிறுவனமும் அப்படி இல்லை. வங்கி தராத ஆவணச் சிக்கல் உள்ள வீடுகளுக்கும், சம்பளச் சீட்டு இல்லாத கடைக்காரர்களுக்கும் அவர்களால்தான் வீடு கிடைக்கிறது. அதை மறுக்கவில்லை. ஆனால் ஒழுங்கான சம்பளத்தில், ரெப்போவோடு இணைந்த வங்கிக் கடனில் இருக்கும் நீங்கள் அதை விட்டுவிட்டு அங்கே போக ஒரு காரணமும் இல்லை. எனவே புதிய இடத்தின் கடிதத்தில் "ரெப்போ" என்ற சொல் இருக்கிறதா, அதன்மேல் எத்தனை சதவீதம் என்று எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் பேச்சை அங்கேயே முடித்துக்கொள்ளலாம்.

நல்ல வங்கிக்கே மாற்றினாலும் செலவு உண்டு. செயலாக்கக் கட்டணம், அதற்கு ஜி.எஸ்.டி., வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர், பழைய வங்கிக்கு எழுதிக்கொடுத்த உரிமை ஆவண ஒப்படைப்புப் பத்திரத்தை ரத்து செய்து புதிதாகச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவது என்று வரிசையாக வரும். பழைய கடனை அடைக்க மட்டும் அபராதம் கிடையாது. தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக்கடனுக்கு அதை வாங்கக்கூடாது.

அதனால் என் யோசனை இதுதான். முதலில் உங்கள் கிளைக்கே போங்கள். ரெப்போ மேல் 2.7 சதவீதம் வாங்குகிறீர்களே, இன்று புதிய கடனுக்கு எவ்வளவு, எனக்கும் அதைத் தர என்ன கட்டணம் என்று எழுத்தில் கேளுங்கள். வேறு வங்கியின் சலுகைக் கடிதம் கையில் இருந்தால் பேச்சு சீக்கிரம் முடியும். அங்கேயே 7.45 கிடைத்து, தவணையை 35,285 என்றே வைத்துக்கொண்டால், கடன் எட்டு மாதம் முன்னதாக முடியும். மிச்சம் கிட்டத்தட்ட 2.9 லட்சம். வட்டி குறைந்ததும் "தவணையைக் குறைத்துவிடட்டுமா" என்று கேட்பார்கள். வேண்டாம் என்று சொல்லுங்கள்.

அடுத்து, முடிந்தால் தவணையைக் கூட்டுங்கள். வட்டி 7.95-ஆகவே இருந்தாலும், மாதம் 41,100 ரூபாய் கட்டினால் கடன் பழையபடி 2036 அக்டோபரில் முடிந்துவிடும். 5,800 ரூபாய் கூடுதல். இதனால் மிச்சமாவது சுமார் ஆறு லட்சம். 2021-க்குப் பிறகு சம்பளம் ஏறியிருக்கும். அந்த ஏற்றத்தில் ஒரு பங்கை இதற்கு ஒதுக்க முடியுமா என்று வீட்டில் பேசிப் பாருங்கள். இல்லை, மாதாமாதம் கஷ்டம் என்றால் போனஸ், சீட்டுப் பணம் வரும்போது அசலில் கட்டுங்கள். இப்போது இரண்டு லட்சம் கட்டினால் கடன் 16 மாதம் குறைகிறது, வட்டியில் 3.8 லட்சம் மிச்சம். ஆறு மாதச் செலவுக்கான கையிருப்பைத் தொடாமல் செய்யுங்கள். கட்டும்போது "பகுதி அசல், காலத்தைக் குறைக்கவும்" என்று எழுதிக் கொடுத்து ரசீது வாங்குங்கள். சும்மா கணக்கில் போட்டால் அது அடுத்த மாதத் தவணைக்கு முன்பணமாகக் கிடக்கும்.

"அடைக்காதீங்க, வரிச்சலுகை போயிடும்" என்று யாராவது சொன்னால் காதில் போட்டுக்கொள்ள வேண்டாம். புதிய வரி முறையில் இருந்தால் சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குச் சலுகையே இல்லை. பழைய முறையில் வருடம் 2 லட்சம் வரை கழிக்கலாம். அப்போதும் நூறு ரூபாய் வட்டி கட்டி அதிகபட்சம் முப்பது சொச்சம் ரூபாய் வரியை மிச்சப்படுத்துகிறீர்கள்.

கிளையில் கொடுக்கும் கடிதத்தில் மூன்று விஷயங்கள் இருக்கட்டும்: 2021 முதல் இன்றுவரை வட்டி மாறிய தேதிகள், ஒவ்வொரு மாற்றத்திலும் காலம் எத்தனை மாதம் நீண்டது, அந்தந்த முறை எனக்கு என்ன தெரிவித்தீர்கள். நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள். 30 நாளில் பதில் வராவிட்டால், அல்லது மழுப்பலாக வந்தால், ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளருக்கு அதே கடிதத்தை இணைத்துப் புகார் கொடுக்கலாம். கட்டணம் கிடையாது, வக்கீலும் வேண்டாம்.