கரண்ட் பில் வீட்டுக்காரர் பெயரில்...

கேள்வி: மதுரையிலிருந்து தாம்பரத்துக்கு வாடகை வீட்டில் குடிவந்து நான்கு மாதமாகிறது. கரண்ட் பில் வீட்டுக்காரர் பெயரில். ஆதாரிலும் வாக்காளர் அட்டையிலும் முகவரியை எப்படி மாற்றுவது?

பதில்: கரண்ட் பில்லை விடுங்கள். கேஸ் இணைப்பைப் புது வீட்டுக்கு மாற்றியிருப்பீர்களே, அந்த பில் உங்கள் பெயரிலோ கணவர் பெயரிலோதானே வரும்? மூன்று மாதத்துக்குள் வந்ததென்றால் ஆதாருக்கு அது செல்லும். பில் யார் பெயரிலோ அவர் முதலில் 'மைஆதார்' தளத்தில் மாற்றிக்கொள்ளட்டும். அடுத்தவருக்கு 'குடும்பத் தலைவர்' வழி இருக்கிறது, 2023-லிருந்து: முதலில் மாற்றியவரைத் தலைவராகக் காட்டி, அவர் முகவரியையே தனக்கும் கேட்கலாம். உறவைக் காட்ட ரேஷன் அட்டையோ திருமணச் சான்றோ கொடுக்கலாம். அப்புறம், தலைவர் 30 நாளுக்குள் தன் கணக்கில் நுழைந்து ஒப்புதல் தர வேண்டும். எங்கள் வீட்டில் அந்தத் தலைவர் நான்தான், மறந்தே போனேன். கட்டிய பணம் போச்சு, மனைவியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டது தனிக்கணக்கு.

வாக்காளர் அட்டைக்குப் படிவம் 8. தொகுதி மாறினாலும் அதுதான். படிவம் 6 என்று யாராவது சொன்னால், அது பழைய கதை. இப்போது அது புதிதாகப் பெயர் சேர்ப்பவர்களுக்கு மட்டும்.