கிராமபோனுக்கு முன்னால் அழுகிற பெண்

அன்புள்ள ஆசிரியருக்கு,

'பெப்பே ல மொக்கோ' (1937) என்ற பிரெஞ்சுப் படம் பார்த்தேன். அதில் கனத்த உடம்புள்ள வயதான பெண்மணி ஒருவர் கிராமபோனில் பழைய தட்டைப் போட்டுவிட்டு, கூடவே பாடி அழுகிறார். சின்னக் காட்சிதான், ஆனால் கதாநாயகன் ஜான் கபான்கூட மறந்துபோனார். அவர் நிஜமாகவே பாடகியா? அது நடிப்பா, சொந்தக் கதையா? அவரை எந்தப் பாட்டிலிருந்து கேட்க ஆரம்பிக்கலாம்?

கே., திருச்சி

அன்புள்ள கே.,

பாடகிதான். பெயர் ஃப்ரேயல். வயதானவர் என்கிறீர்கள், படம் வந்தபோது அவருக்கு 45 வயதுதான்! அந்தத் தட்டில் ஒலிப்பது அவர் குரல். காட்டப்படும் இளவயதுப் படமும் அவருடையதே. இயக்குநர் துவிவியே விவரமானவர்.

1891இல் பாரிஸில், பிரான்ஸின் வடமேற்கில் உள்ள பிரெத்தான் பகுதியைச் சேர்ந்த குடும்பத்தில் பிறந்தார். இயற்பெயர் மார்கரித். பிரெத்தான் கடற்கரையில் உள்ள ஒரு முனையின் பெயரைத்தான் மேடைக்கு எடுத்துக்கொண்டார். இருபது வயதுக்குள் பாரிஸ் முழுக்கப் பேசும் அழகி. கணவர் இன்னொரு பாடகியான தாமியாவிடம் போனார். அப்புறம் காதலராக வந்த பாடகர் மொரிஸ் ஷெவாலியே, மேடை நட்சத்திரம் மிஸ்தாங்கெத்திடம் போனார். குடி, கொக்கைன். முதல் உலகப் போருக்கு முன்பே ஊரைவிட்டுக் கிளம்பியவர் ரஷ்யா, ருமேனியா, கான்ஸ்டான்டினோபிள் என்று அலைந்து, 1920களின் தொடக்கத்தில் உடம்பு சிதைந்து திரும்பினார். பழைய அழகியைத் தேடி வந்தவர்களுக்கு அவரை அடையாளமே தெரியவில்லை.

இந்தக் கதையைச் சொல்லிவிட்டு 'பாவம்' என்று முடித்துவிடுவது வழக்கம். எனக்கு அதில் உடன்பாடில்லை. நாம் இன்று கேட்கும் ஃப்ரேயலின் நல்ல பாட்டுகள் எல்லாமே அந்தத் திரும்பி வந்த பெண்மணி பாடியவை. அழகு போன பிறகு மேடையில் மிச்சமிருந்தது குரலும் உச்சரிப்பும்தான். அவற்றை வைத்துக்கொண்டே 1930களில் முன்னணியில் நின்றார். அந்தக் காட்சியில் அவர் பாடுவது 'ஊ எத்தில் தோன்க்': இடித்துத் தள்ளப்பட்ட பழைய பாரிஸ் எங்கே போயிற்று என்று தேடும் பாட்டு. படத்தில், அல்ஜியர்ஸில் மாட்டிக்கொண்ட திருட்டுக் கூட்டத்தின் நடுவே அது ஒலிக்கிறது. அழுகை சொந்தக் கதையா என்று கேட்டீர்கள். சொந்தக் கதைதான், ஆனால் அதைத் தாளம் பிசகாமல் பாடுகிறார் பாருங்கள், அது தொழில்.

இன்னொன்று, அவர் சோகப் பாடகி மட்டும் இல்லை. 1936இல் வந்த 'தெல் கில் ஏ' பாட்டில் ஒருத்தி தன் ஆளை வர்ணிக்கிறாள்: ஒல்லிக்குச்சி, பார்க்கவும் சகிக்காது, இருந்தாலும் அவன்தான் எனக்குப் பிடிக்கும் என்கிறாள். ஃப்ரேயல் இதைச் சிரித்துக்கொண்டே, கொஞ்சம் திமிரோடு பாடுவார். பிரெஞ்சுப் பாட்டில் எதித் பியாஃப் என்ற பாடகியை மட்டும் கேட்டுப் பழகியவர்களுக்கு இந்தக் கிண்டல் புதிதாக இருக்கும்.

இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு மதிப்பு இறங்கிவிட்டது. 1951இல் பாரிஸின் பிகால் பகுதியில், கையில் காசில்லாமல் இறந்தார்.

எதிலிருந்து ஆரம்பிப்பது? 'சி து நேத்தே பா லா' கேளுங்கள். 'அமெலி' படம் பார்த்திருந்தால் ஏற்கெனவே காதில் விழுந்திருக்கும். அடுத்து 'லா ஜாவா ப்ளூ', அக்கார்டியன் வாசிக்கும் நடனக் கூடத்துப் பாட்டு. பிறகு 'தெல் கில் ஏ'. 'ஊ எத்தில் தோன்க்' கடைசியில் இருக்கட்டும். அதை நீங்கள் படத்திலேயே கேட்டாயிற்று.