‘யூ’ என்றால் இந்தியில் யார்? – டப்பிங் கேள்வி பதில்

ஆங்கிலப் படங்களின் இந்திப் பதிப்பை டிவியில் பார்ப்பேன். அசைவது ஆங்கில வாய், கேட்பது இந்தி. சில படங்களில் அது தெரிவதே இல்லை. சில படங்கள் முதல் நிமிடத்திலேயே உறுத்துகின்றன. என்ன வித்தியாசம்?
– வாசகர், வேலூர்

நம் கண் எல்லா அசைவையும் கவனிப்பதில்லை. வாய் திறக்கும் கணம், மூடும் கணம், நடுவே உதடுகள் ஒட்டும் இடங்கள், இவற்றைத்தான் பிடித்துக்கொள்கிறது. இந்தியின் ப-வர்க்க எழுத்துகள் (பகரத்தின் நான்கு ஒலிகளும் மகரமும்) ஐந்துக்கும் உதடு ஒட்டியாக வேண்டும். ஆங்கில நடிகர் க்ளோஸ்-அப்பில் ‘மேபீ’ என்கிறார். அகராதிப்படி ‘ஷாயத்’ என்று எழுதினால் உதடு இரண்டு முறை ஒட்டுவதைப் பார்க்கிறோம், காதில் ஒரு முறைகூட ஒட்டவில்லை. ‘மும்கின்’ (சாத்தியம்) என்று மாற்றினால் இரண்டு மகரமும் அந்தந்த இடத்தில் விழுகின்றன. அசைகளின் எண்ணிக்கையும் இரண்டுதான். பொருளில் நூலளவு வேறுபாடு உண்டு. க்ளோஸ்-அப்பில் அதை ஏற்கலாம். நடிகர் முதுகைக் காட்டி நிற்கும் ஷாட்டில் அந்தச் சமரசத்துக்கு அவசியமே இல்லை, ‘ஷாயத்’ என்றே எழுதலாம்.

அடுத்தது நேரம். சினிமாவில் வினாடிக்கு 24 ஃபிரேம், ஒரு ஃபிரேம் ஏறத்தாழ 42 மில்லி வினாடி. ஒலி படத்துக்கு முந்தினால் சுமார் 45 மில்லி வினாடியிலேயே பார்ப்பவருக்குத் தெரிந்துவிடும். பிந்தினால் 125 வரை தாங்குவார். இடியோசை மின்னலுக்குப் பின்னால் வந்து பழகிய காது நமக்கு. அதனால் சரியாகப் பொருந்தாத வரியை ஒரு ஃபிரேம் பின்னே தள்ளுவது பாதுகாப்பு, முன்னே இழுப்பது ஆபத்து.

ஒரு படத்தின் இந்திப் பதிப்பில் ஒரே ஜோடி ஒரு காட்சியில் மரியாதையாக ‘ஆப்’ என்கிறார்கள், அடுத்ததில் சகஜமாக ‘தும்’. ஆங்கில ‘யூ’வுக்கு எது என்று யார் முடிவு செய்வது?
– வாசகி, மதுரை

வசனம் எழுதுபவர், முதல் வரியை எழுதும் முன்பே. பாத்திரங்களின் பெயர்களை மேலேயும் பக்கவாட்டிலும் எழுதிக் கட்டம் போட வேண்டும். யார் யாரை எப்படி அழைக்கிறார், எந்தக் காட்சியில் அது மாறுகிறது என்று ஒவ்வொரு கட்டத்தையும் நிரப்ப வேண்டும். நாயகன் நாயகியை ‘தும்’ என்பதால் அவளும் அப்படியே அழைப்பாள் என்று எடுத்துக்கொள்ள முடியாது. இரண்டும் தனித்தனிக் கட்டம்.

நீங்கள் கண்ட குளறுபடி பெரும்பாலும் ஒலிப்பதிவு அறையில் பிறப்பது. டப்பிங் கலைஞர்கள் ஒருவர் ஒருவராக வந்து பேசுகிறார்கள். நாயகன் திங்கட்கிழமை பேசியது வியாழக்கிழமை வரும் நாயகியின் காதில் விழுந்திருக்காது. காதில் ஓடுவது ஆங்கில ஒலி. உதட்டுக்குப் பொருந்தவில்லை என்று யாரோ அந்த நிமிடத்தில் ஒரு சொல்லை மாற்றிவிடுவார். டப்பிங் இயக்குநரின் மேஜைமேல் அந்தக் கட்டம் இருந்தால் இது நடக்காது.

ஆப், தும் இரண்டுக்கும் கீழ்ப்படியான ‘தூ’ என்ற சொல்லைத் தமிழர்கள் சரியாக எடைபோடுவது கடினம். நம்மிடம் நீ, நீங்க என்று இரண்டே படி, கூடவே டா, டி. இந்தியில் கடவுளும் ‘தூ’, அம்மாவும் ‘தூ’, பள்ளித் தோழனும் ‘தூ’, சட்டையைப் பிடித்த எதிரியும் ‘தூ’. நெருக்கமும் இழிவும் ஒரே சொல்லில் இருப்பதால் குரல்தான் பிரித்துக் காட்ட வேண்டும். வினைச்சொல்லும் உடன் மாறும்: தூவுக்கு சல், தும்முக்கு சலோ, ஆப்புக்கு சலியே. ஒன்று, இரண்டு, மூன்று அசை. ‘கமான்’ என்று இரண்டே அசையில் வாய் மூடிக்கொள்ளும் முகத்தில் ‘சலியே’யின் மூன்றாவது அசைக்கு இடமில்லை.

உதடும் பண்பாடும் நேருக்கு நேர் மோதுவது இங்கேதான். ‘யூ’ சொல்லும்போது உதடு குவிகிறது. இந்தியில் அப்படிக் குவிந்தே முடிவது ‘தூ’ மட்டும். ‘தும்’, ‘ஆப்’ இரண்டும் உதட்டை மூடி முடிகின்றன. உதட்டை நம்பி எழுதினால் பேரன் தாத்தாவைத் ‘தூ’ என்று அழைக்கும் அபத்தம் வரும். இதற்கு வழி இந்தியின் வாக்கிய அமைப்பிலேயே இருக்கிறது. பெயர்ச்சொல் முன்னே போய்விடும், வினை கடைசியில் வரும். வரி ‘ஹோ’ என்றோ ‘தோ’ என்றோ முடியும்படி அமைத்தால் குவிந்த உதடும் நிறைந்துவிடும், ‘தும்’மும் தப்பிக்கும்.

ஆங்கிலத்தில் சொல்லால் காட்ட முடியாத ஒரு திருப்பத்தை இந்தி கொடுக்கவும் செய்யும். முதல்முறையாக ‘ஆப்’ விட்டு ‘தும்’முக்கு வரும் கணத்தில் இருவருக்கும் நடுவே இருந்த சுவர் இறங்கிவிடும். ஒரு ஜோடிக்கு ஒரு முறை, சரியான காட்சியில் வைத்தால் போதும். மூலத்தில் இல்லாததைச் சேர்ப்பதாக இதைக் குறை சொல்வோர் உண்டு. நடிகரின் முகத்தில் இருப்பதைத்தான் அது சொல்லாக்குகிறது என்பது எங்கள் கருத்து.

உறவுமுறையிலும் இதே சிக்கல். ‘அங்கிள்’ சாசாவா (அப்பாவின் தம்பி), மாமாவா (அம்மாவின் சகோதரர்), பூஃபாவா (அத்தையின் கணவர்), மௌசாவா (அம்மாவின் சகோதரியின் கணவர்) என்று படம் சொல்லாவிட்டால் ‘அங்கிள்’ என்றே விடுங்கள். அடுத்த பாகத்தில் அவர் அம்மாவின் தம்பி என்று தெரிந்தால் முதல் பாகத்தின் ‘சாசா’வைத் திருத்த முடியாது.

மர்மப் படம் ஒன்றில் போனில் மிரட்டுவது ஆணா பெண்ணா என்பது கடைசியில்தான் தெரிய வேண்டும். இந்திப் பதிப்பில் முதல் வாக்கியத்திலேயே தெரிந்துவிட்டது. தவிர்க்க வழியே இல்லையா?
– வாசகர், திருநெல்வேலி

உண்டு. கொஞ்சம் இலக்கணம் தேவை.

‘நான் வர்றேன்’ என்பதில் தமிழ் பாலைக் காட்டாது. இந்தி காட்டும்: மை ஆவூங்கா என்றால் ஆண், மை ஆவூங்கீ என்றால் பெண். குரலைக் கருவியால் எவ்வளவு உருமாற்றினாலும் விகுதி காட்டிக்கொடுத்துவிடும். எனவே மிரட்டுபவரின் வரிகளிலிருந்து எதிர்காலத்தையும் ‘வந்துகொண்டிருக்கிறேன்’ வகைத் தொடர்களையும் முதலில் நீக்குங்கள்.

அதற்குப் பதிலாக மூன்று வாசல்கள் இருக்கின்றன. செயப்படுபொருள் உள்ள இறந்தகாலத்தில் ‘மை’ (நான்) என்பது ‘மைனே’ ஆகும்; அப்போது வினை பேசுபவரை விட்டுப் பொருளோடு ஒட்டிக்கொள்ளும். ‘மைனே கிதாப் படீ’ என்பதில் உள்ள பெண்பால் விகுதி புத்தகத்துக்கு உரியது, படித்தவருக்கு அல்ல. ‘மைனே உஸே மாரா’ (அவரை அடித்தேன்) என்று ஆணும் சொல்லலாம், பெண்ணும் சொல்லலாம். இரண்டாவது, ‘முஜே ஜானா ஹை’ (எனக்குப் போக வேண்டும்) போல ‘எனக்கு’ என்று தொடங்குவது. மூன்றாவது, ‘ஜாவூம்?’ (போகட்டுமா?) போன்ற அனுமதி கேட்கும் வடிவம், அல்லது நேரான கட்டளை. ‘நான் உன்னைக் கவனித்துக்கொண்டிருக்கிறேன்’ என்ற மிரட்டலை ‘என் கண் உன்மேல்தான் இருக்கிறது’ என்று திருப்பினால் விகுதி கண்ணுக்குப் போய்விடும். ‘மேரீ நஸர் தும் பர் ஹை’யில் ‘மேரீ’ பெண்பால்தான், ஆனால் அது பார்வைக்கு உரியது.

மிரட்டலைக் கேட்பவர் மறைந்திருந்தால் எதிர்த்திசையிலும் கவனம் வேண்டும். ஆணிடம் ‘கர் ரஹே ஹோ’, பெண்ணிடம் ‘கர் ரஹீ ஹோ’ (செய்துகொண்டிருக்கிறாய்) என்பதில் கேட்பவரின் பாலும் வெளியே வரும்.

தமிழ் டப்பிங்கில் சிக்கல் படர்க்கையில். இந்தியில் ‘வோ’ இருபாலுக்கும் பொது. நமக்கு அவன், அவள் உண்டு. ‘அவங்க’ நம்மைக் காப்பாற்றும்.

காலப்பயணக் கதைகள் இந்தியில் குழப்புகின்றன. ஏன்?
– கல்லூரி மாணவர், கோவை

‘கல்’ என்றால் நேற்றும்தான், நாளையும்தான். ‘பர்ஸோம்’ முந்தாநாள், நாளன்றைக்கு இரண்டும். முழு வாக்கியத்தில் வினையின் காலம் தெளிவாக்கிவிடும். ‘எப்போது?’ ‘நாளைக்கு’ என்ற ஒற்றைச் சொல் பதிலில் வினை இல்லை, நேற்றா நாளையா என்று பார்ப்பவர் தடுமாறுகிறார். ‘ஆனேவாலா கல்’ (வரப்போகும் ‘கல்’) என்று நீட்டலாம், அல்லது கிழமையைச் சொல்லிவிடலாம். கிழமை குட்டையானது என்பதால் அதுவே நல்லது.

கரடிக்குப் பஞ்சாபி வாடை கொடுப்பதெல்லாம் மூலத்துக்குச் செய்யும் துரோகம் இல்லையா?
– வாசகர், தஞ்சாவூர்

2016-ல் வந்த ‘தி ஜங்கிள் புக்’ இந்திப் பதிப்பில் இர்ஃபான் கான் பேசிய பலூவைக் கேட்கிறீர்கள் என்று புரிகிறது. துரோகம் என்று நாங்கள் நினைக்கவில்லை. பலூ சாப்பாட்டுப் பிரியன், சோம்பேறி, மனம் திறந்து பேசுபவன். இந்தி காதுக்கு அந்தக் குணங்களைப் பஞ்சாபி வாடை உடனே எடுத்துத் தருகிறது. அந்தப் படத்தில் இன்னொரு சிரமமும் இருந்தது. பெயர்களே இந்தி. ‘பாலூ’ என்றால் கரடி, ‘ஹாத்தி’ என்றால் யானை. ஆங்கில ரசிகருக்கு அந்நியமாக ஒலித்த பெயர், இந்தி ரசிகருக்குக் கரடியின் பெயர் ‘கரடி’ என்றே கேட்கும். குணத்தைக் குரலில் ஏற்றவேண்டிய கட்டாயம் அதனால் கூடுகிறது.

எல்லை தாண்டுவது எங்கே என்றால், வாடை ஒரு ஊரையே கேலிப்பொருளாக்கும் இடத்தில். வேலைக்காரருக்கு போஜ்புரி வாடை, கோமாளிக்குத் தென்னிந்திய ‘அய்யய்யோ’ என்பது சோம்பல் எழுத்து. 1968-ல் ‘படோசன்’ படத்தில் மெஹ்மூத் நடித்த தமிழ்ப் பாட்டு வாத்தியாரைப் பார்த்துச் சிரித்த பழக்கம் அது. போஜ்புரி பேசுவோருக்கும் தங்கள் மொழியில் முழுப்படம் பார்க்கும் உரிமை உண்டு. 2007-ல் ‘ஸ்பைடர்மேன் 3’ இந்தி, தமிழ், தெலுங்கோடு போஜ்புரியிலும் வந்தது.

சில டப்பிங் படங்களில் எல்லாரும் குளியலறைக்குள் பேசுவதுபோல் இருக்கிறதே?
– வாசகி, புதுச்சேரி

படத்தோடு ‘எம் அண்ட் இ’ என்று ஒரு டிராக் வரவேண்டும். இசையும் ஒலி விளைவுகளும் மட்டும், பேச்சு இல்லாமல். படப்பிடிப்பிலேயே பதிவான பேச்சை எடுக்கும்போது கூடவே காலடி, துணி உரசல், கோப்பை வைக்கும் சத்தம் எல்லாம் போய்விடும். அவற்றை மறுபடி நிரப்பி அனுப்பவில்லை என்றால் பேச்சு வெற்றிடத்தில் மிதக்கும். அதை மறைக்க எதிரொலியைக் கூட்டினால் நீங்கள் சொல்லும் குளியலறைதான். காலடியைப் புதிதாகப் பதிவு செய்வதே தீர்வு.

ஆங்கிலப் பதிப்புக்குத் தணிக்கைச் சான்றிதழ் இருந்தால் இந்திக்கும் அதுவே செல்லுமா?
– வாசகர், சேலம்

செல்லாது. டப்பிங் பதிப்பும் தணிக்கைக்குப் போய்த்தான் ஆக வேண்டும். 2024 விதிகளின்படி யு/ஏ பிரிவில் 7+, 13+, 16+ என்று மூன்று படிகள் உள்ளன. வசை ஆங்கிலத்தைவிட இந்தியில் கடுமையாக ஒலித்தால் சான்றிதழும் மாறலாம். அதனால் வசைகளுக்கு இரண்டு மாற்று வரிகளைச் சேர்த்தே பதிவு செய்துவிடுவது புத்திசாலித்தனம்.

இந்தி நன்றாகத் தெரியும். இந்த எழுத்தைப் பழக எங்கே தொடங்குவது?
– வாசகி, திருச்சி

மூன்று நிமிடக் காட்சி ஒன்று போதும். இருவர் பேசுவதாக, ஒரு க்ளோஸ்-அப் உள்ளதாக எடுங்கள். முதலில் ஒலியை நிறுத்தி, உதடு ஒட்டும் இடங்களையும் வரி தொடங்கி முடியும் நேரத்தையும் தாளில் குறியுங்கள். பிறகு யார் யாரை எப்படி அழைப்பது என்ற கட்டம். அதன் பிறகே வசனம். எழுதியதைப் படத்தோடு சேர்த்து வாய்விட்டுப் பேசிப் பாருங்கள். மூச்சு திணறும் இடத்தில் அசை அதிகம். கடைசியாக உங்கள் போனில் பதிவு செய்து, இந்தியைத் தாய்மொழியாகப் பேசும் ஒருவரிடம் படம் காட்டாமல் ஒலியை மட்டும் கொடுங்கள். ‘இது ஆங்கிலத்தில் என்னவாக இருந்தது?’ என்று அவர் கேட்கும் வரிகளை எல்லாம் திரும்ப எழுதுங்கள்.