வீட்டில் வருத்தம், பிள்ளை மறியலில்: பிணைக் கேள்விகளுக்குப் பதில்

வவுனியாப் பக்கம் குற்ற வழக்குகள் பேசும் சட்டத்தரணி நான். கொலை, போதைப்பொருள், பயங்கரவாதத் தடைச் சட்டம் போன்ற வழக்குகளில், வீட்டில் ஒருவருக்குக் கடும் வருத்தம் (நோய்) என்று பிணை கேட்பதைப் பற்றிக் கேளுங்கள்.

புதுக்குடியிருப்பு அக்கா: தம்பி கொலை வழக்கில் மறியலில் (வழக்கு முடியும்வரை சிறையில்). அம்மாவுக்குத் தெல்லிப்பழையில் புற்றுநோய்ச் சிகிச்சை. இரண்டு கிழமைக்காவது தற்காலிகப் பிணை எடுக்கலாமா?

அக்கா, இலங்கையில் எங்கள் 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டத்தில், வீட்டில் வருத்தம் என்றால் இத்தனை நாள் என்று தனிப்பிரிவு இல்லை. நீங்கள் கேட்கப்போவது வழமையான பிணைதான், அம்மாவின் வருத்தம் அதற்கு ஒரு காரணம். மரண தண்டனையோ ஆயுள் தண்டனையோ கிடைக்கக்கூடிய குற்றம் என்றால் 13ஆம் பிரிவின்படி மேல் நீதிமன்ற நீதிபதிதான் பிணை கொடுக்கலாம், நீதவானுக்கு அதிகாரமே இல்லை.

மேல் நீதிமன்றம் என்ன பார்க்கும்? வழக்குத் தவணைக்கு வராமல் விடுவாரா, சாட்சிகளைக் குழப்புவாரா, வெளியில் வந்து இன்னொரு குற்றம் செய்வாரா, ஊரில் கொந்தளிப்பு வருமா. இறந்தவரின் வீடும் உங்கள் வீடும் ஒரே ஒழுங்கையில் என்றால் அம்மாவின் வருத்தத்துக்கு முன்னால் அதுதான் வந்து நிற்கும். அதனால் தம்பி எங்கே தங்குவார் என்பதை நீங்களே முதலில் சொல்லிவிடுங்கள்: தெல்லிப்பழைப் பக்கம் உறவினர் வீடு, சொந்த ஊருக்குப் போகமாட்டார், பொலிஸில் கையெழுத்து வைப்பார் என்று.

அப்புறம், 'அம்மாவுக்குக் கடும் வருத்தம்' என்று ஒரு வரி எழுதினால் போதாது. என்ன நோய், எந்தத் திகதியில் என்ன சிகிச்சை, ஏன் இவர்தான் வேண்டும்? 'மகள் இருக்கிறாரே' என்று அரச சட்டத்தரணி கட்டாயம் கேட்பார். உங்களுக்குக் கைக்குழந்தையா, கூலி வேலையா, மற்றச் சகோதரங்கள் வெளிநாட்டிலா, எல்லாவற்றையும் சத்தியக்கடதாசியில் (சத்தியம் செய்து கொடுக்கும் எழுத்து வாக்குமூலம்) எழுதி, கிராம அலுவலரின் கடிதம், கிளினிக் கொப்பி, வைத்திய நிபுணரின் கடிதம் எல்லாம் சேருங்கள். காசு கொடுத்து எடுத்த மெடிக்கல் (மருத்துவச் சான்றிதழ்) மட்டும் வேண்டாம்.

நெடுங்கேணி: கொலை வழக்கு, நீதவானிடம் கேட்டுப் பார்க்கலாமா?

மேலே இருக்கிறது. முடியாது.

மாங்குளம்: கணவர் ஐஸ் போதைப்பொருள் வழக்கில். எனக்குச் சத்திரசிகிச்சை.

தங்கச்சி, எவ்வளவு பிடித்தார்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. போதைப்பொருள் சட்டத்தில் 2022இல் வந்த திருத்தத்துக்குப் பிறகு, அரச பகுப்பாய்வாளரின் அறிக்கையில் தூய அளவு 10 கிராமோ அதற்கு மேலோ என்றால் கொழும்பு மேன்முறையீட்டு நீதிமன்றம்தான் பிணை கொடுக்கலாம், அதுவும் விதிவிலக்கான சூழ்நிலை இருந்தால். மனைவிக்கு வருத்தம், பிள்ளைகள் சின்னன் என்பவை மறியலுக்குப் போன எவருடைய வீட்டிலும் வரும் கஷ்டம் என்றே நீதிமன்றங்கள் பெரும்பாலும் பார்த்திருக்கின்றன. சத்திரசிகிச்சையை மட்டும் நம்பிப் போகாதீர்கள். குற்றப்பத்திரம் வராமல் இழுபட்ட காலத்தையும் சேர்த்துக் கேளுங்கள்.

விசுவமடு: இந்தியாவில் ராஜீவ் காந்தி கொலை வழக்கில் தண்டனை பெற்ற பேரறிவாளனுக்கு அப்பாவின் வருத்தத்துக்காக விட்டார்களே? எங்கள் பிள்ளைகளுக்கு மட்டும் ஏன் இல்லை?

தம்பி, அது பிணை இல்லை. 2017 ஓகஸ்ட்டில், 26 வருடம் உள்ளே இருந்த பிறகு, தமிழ்நாட்டு அரசு கொடுத்த சிறைவிடுப்பு அது. தண்டனை பெற்றவருக்கு அரசு கொடுப்பது வேறு, வழக்கு விளக்கம் (நீதிமன்ற விசாரணை) முடியாதவருக்கு நீதிமன்றம் கொடுக்கும் பிணை வேறு.

விசுவமடு: பெயர் எதுவானால் என்ன, தகப்பனைப் பார்க்க விட்டார்கள்தானே? இங்கே செத்த பிறகுதான் காட்டுகிறார்கள்.

அந்தக் கோபம் சரியானது. 2018 மார்ச்சில் கிளிநொச்சியில் ஆயுள் தண்டனைக் கைதி ஒருவரை மனைவியின் செத்தவீட்டுக்குச் சில மணித்தியாலம் காவலோடு கொண்டுவந்து திரும்ப ஏற்றிப் போனதை ஊரே பார்த்தது. உயிரோடு இருக்கும்போதே போய்ப் பார்க்க, திகதி குறித்த குறுங்காலப் பிணை எங்கள் சட்டத்தில் எழுதப்பட வேண்டும் என்றுதான் நானும் கேட்கிறேன். ஆனால் நாளைக்கு நீதிபதி முன்னால் நிற்கும்போது இந்தியக் கதை உதவாது, இருக்கிற சட்டத்தில்தான் கேட்க வேண்டும்.

செட்டிகுளம்: மகன் பயங்கரவாதத் தடைச் சட்டத்தில், 14 மாதம், வழக்குத் தொடங்கவில்லை. எனக்கு இருதய வருத்தம்.

ஐயா, அந்தச் சட்டத்துக்குப் பிணைச் சட்டம் பொருந்தாது. ஆனால் 2022ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் திருத்தத்தின்படி, கைதாகி 12 மாதமாகியும் வழக்கு விளக்கம் தொடங்காவிட்டால் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் பிணை கேட்கலாம். உங்கள் பலம் அந்த 14 மாதம்தான், இருதய வருத்தத்தை அதற்குத் துணையாகப் போடுங்கள். சட்டத்தரணிக்குக் காசில்லை என்றால் சட்ட உதவி ஆணைக்குழுவுக்குப் போங்கள்.

முழங்காவில்: ஒருவர் மெடிக்கல் எடுத்துத் தருகிறேன் என்கிறார்.

வேண்டாம்! நீதிமன்றம் வைத்தியசாலையிடமே கேட்டு உறுதிப்படுத்தும். பொய் என்று தெரிந்தால் பிணையும் போய், எடுத்தவர் மீதும் வழக்கு வரும்.

ஒட்டுசுட்டான்: காணி உறுதி பற்றி...

இன்றைக்கு இல்லை.

நெடுங்கேணி: நீதவான் நல்லவர் என்கிறார்கள், ஒருக்கால் கேட்டால்...

நல்லவர்தான். அதிகாரம் இல்லை.

மாஞ்சோலை: அப்பா அவசர சிகிச்சைப் பிரிவில், இரண்டு நாள்கூடத் தாங்காது என்கிறார்கள். அண்ணா கொலை வழக்கில் மறியலில்.

பிணை மனுவை இப்போது விடுங்கள், அது முடிய நாளாகும். காலையில் முதல் வேலையாக உங்கள் சட்டத்தரணியைக் கொண்டு நகர்த்தல் பத்திரம் (நீதிமன்றத்துக்கு அவசர விண்ணப்பம்) போட்டு, சிறைக்காவலரோடு கூட்டிப்போய் அப்பாவைக் காட்ட அனுமதி கேளுங்கள். வைத்தியரின் கடிதத்தை இன்று இரவே எடுங்கள், அதில் அப்பாவின் பெயர், வார்டு இலக்கம், திகதி தெளிவாக இருக்கட்டும்.