பிசியோதெரபி என்றால் மசாஜா? தண்டையார்பேட்டை அப்பா ஒருவருக்குப் பதில்

ஐயா, உங்கள் கடிதம் வந்தது. மகள் பிளஸ் டூ, பயாலஜி குரூப். எம்பிபிஎஸ் கிடைக்கிற அளவுக்கு மார்க் வராது என்று அவளே சொல்லிவிட்டாள். நர்சிங்கும் வேண்டாம், பிசியோதெரபிதான் படிப்பேன் என்று ஒற்றைக் காலில் நிற்கிறாள். "கை கால் பிடித்துவிடுகிற வேலைக்கு எதற்கு இத்தனை வருஷப் படிப்பு? சம்பளம் வருமா? எந்தக் காலேஜ்?" என்று கேட்டிருக்கிறீர்கள். முதல் கேள்விக்குத்தான் நிறைய எழுதப் போகிறேன். அது தெளிவானால் மற்ற இரண்டையும் நீங்களே பாதி முடிவு செய்துவிடுவீர்கள்.

கபடி டீமில் கூட ஆடிய தோழிக்கு முட்டி பிசகி, அவளைப் பிசியோதெரபிக்குக் கூட்டிக்கொண்டு போய் வந்த பிறகுதான் மகளுக்கு இந்த எண்ணம் வந்தது என்று எழுதியிருந்தீர்கள். சரி, அந்த முட்டியை வைத்தே பேசுவோம்.

நொண்டிக்கொண்டே ஒரு பெண் உள்ளே வருகிறாள். தொழில் தெரிந்த பிசியோதெரபிஸ்ட் உடனே முட்டியில் கை வைக்க மாட்டார். முதலில் கேள்விதான். எப்படி விழுந்தாய்? பாதம் தரையில் ஊன்றியிருக்கும்போது உடம்பு திரும்பியதா? 'டப்' என்று சத்தம் கேட்டதா? வீக்கம் எப்போது வந்தது? இந்தக் கடைசிக் கேள்வி சாதாரணமாகத் தெரியும், ஆனால் அதில்தான் விஷயம் இருக்கிறது. அடிபட்ட ஓரிரு மணி நேரத்திலேயே முட்டி பந்து மாதிரி வீங்கினால் மூட்டுக்குள் ரத்தம் கசிந்திருக்க வாய்ப்பு அதிகம். நம் ஊரில் 'ஜவ்வு கிழிஞ்சிடுச்சு' என்று சொல்வார்களே, அந்த ஏசிஎல் லிகமென்ட்மேல்தான் முதல் சந்தேகம் போகும். ராத்திரி தூங்கி எழுந்து பார்த்தால் மெதுவாக வீங்கியிருக்கிறது என்றால் மெனிஸ்கஸ் என்கிற குருத்தெலும்பு வளையத்தையும் நினைக்க வேண்டும். படி இறங்கும்போது முட்டி 'விட்டுப்போகிற' மாதிரி இருக்கிறதா, மடக்கினால் மாட்டிக்கொள்கிறதா என்றும் கேட்பார். இதெல்லாம் முடியும்போதே பாதி நோய் தெரிந்துவிடும்.

அடுத்தது பார்ப்பது. இரண்டு கால்களும் தொடை வரை தெரிய வேண்டும், அதற்குத் திரை போட்ட மறைவு வேண்டும். வயசுப் பெண்கள் பெண் பிசியோதெரபிஸ்டைத் தேடி வருவதற்கு இது ஒரு பெரிய காரணம். டேப்பை எடுத்து, முட்டிச் சில்லுக்கு மேலே ஒரே தூரத்தில் இரண்டு தொடைகளையும் சுற்றி அளப்பார். அடிபட்ட பக்கத் தொடைச்சதை சில வாரத்திலேயே இளைத்துப்போகும். அளந்து எழுதி வைத்தால்தான் அடுத்த மாதம் தேறியிருக்கிறதா என்று சொல்ல முடியும்.

அப்புறம்தான் கை. அதுவும் முதலில் நல்ல காலில். சிலருக்குப் பிறவியிலேயே மூட்டு தளர்வாக இருக்கும், சிலருக்கு இறுக்கமாக. அந்தப் பெண்ணுக்கு எது இயல்பு என்று அவளுடைய இன்னொரு கால்தான் சொல்லும். புறங்கையால் சூடு பார்ப்பார். உள்பக்க வீக்கத்தை மேலே தள்ளி, வெளிப்பக்கம் தடவி, நீர் திரும்பி ஓடி வருகிறதா என்று பார்ப்பார். கோனியாமீட்டர் என்கிற கோணமானியை வைத்து எவ்வளவு மடங்குகிறது, எவ்வளவு நீள்கிறது என்று குறிப்பார். பெரும்பாலானோருக்கு நீட்டும்போது 0, மடக்கும்போது 135, 140 டிகிரி வரை போகும். நம் ஊர் ஆட்களுக்கு அதற்கு மேலும் தேவைப்படும். சம்மணம் போட வேண்டும், குந்த வேண்டும், அம்மி முன்னால் உட்கார வேண்டும்.

ஏசிஎல்லுக்கு லாக்மன் டெஸ்ட் என்று ஒன்று உண்டு. பிலடெல்பியாவில் இருந்த ஜான் லாக்மன் என்கிற எலும்பு மருத்துவரின் பெயர். அவரிடம் பயின்ற டோர்க் 1976இல் அதை எழுதி வெளியிட்டார். முட்டியை 20, 30 டிகிரி மடக்கி, ஒரு கையால் தொடையை அழுத்திப் பிடித்து, மறு கையால் முட்டிக்குச் சற்றுக் கீழே கீழ்க்கால் எலும்பைப் பிடித்து முன்னால் இழுக்க வேண்டும். நல்ல லிகமென்ட் 'டக்' என்று நிறுத்தும். கிழிந்ததாக இருந்தால் நிற்கிற இடமே தெரியாமல் மெத்தென்று வந்துகொண்டே இருக்கும். இதற்கு மெஷின் கிடையாது, கரண்ட் கிடையாது. விரலில் உணர்வது மட்டும்தான்.

"பொம்பளப் பிள்ளைக்கு அவ்வளவு பலம் இருக்குமா?" என்று நினைப்பீர்கள். கை சிறியதாக இருந்தால், நோயாளியின் தொடைக்குக் கீழே தன் முட்டியையே அண்டை கொடுத்துக்கொண்டு செய்யலாம். அதையும் காலேஜில் சொல்லிக்கொடுப்பார்கள். கஷ்டம் பலத்தில் இல்லை. பயந்துபோன நோயாளி பின்தொடையை இறுக்கிக்கொண்டால், கிழிந்த லிகமென்ட் கூட நல்லது மாதிரி ஏமாற்றும். அதனால் பேச்சுக் கொடுத்து, பயத்தைப் போக்கி, காலைத் தளர விட வைக்க வேண்டும். "ஒண்ணும் ஆகாது பாப்பா, காலை என் கையில விட்டுடு" என்று அந்தப் பெண்ணின் பாஷையிலேயே சொல்லத் தெரிந்தவருக்கு டெஸ்ட் சரியாக வரும். தண்டையார்பேட்டையில் வளர்ந்த உங்கள் மகளுக்கு இது பெரிய பலம்.

மெனிஸ்கஸுக்கு மெக்மரே, தெஸ்ஸலி என்று வேறு டெஸ்டுகள் உண்டு. பக்கவாட்டு லிகமென்ட்டுக்குத் தனி. எந்த ஒரு டெஸ்டும் தனியாகத் தீர்ப்பு சொல்லாது. எல்லாவற்றையும் சேர்த்துப் பார்த்து, தேவைப்பட்டால் ஸ்கேன் என்று மருத்துவரிடம் போகும்.

யாரைத் தொடக்கூடாது, உடனே மருத்துவரிடம் அனுப்ப வேண்டும் என்று தெரிவதும் இந்தப் படிப்புதான். நாலு அடி கூட எடுத்து வைக்க முடியவில்லை, 90 டிகிரி கூட மடங்கவில்லை, முட்டிச் சில்லில் மட்டும் குறிப்பாக அழுத்தினால் வலி, முட்டிக்கு வெளிப்பக்கம் இருக்கும் ஃபிபுலா எலும்பின் தலையில் வலி, வயது 55 அல்லது அதற்கு மேல் என்று ஒட்டாவா விதி ஒன்று இருக்கிறது. அடிபட்ட முட்டியில் இதில் ஒன்று இருந்தாலும் எக்ஸ்ரே எடுக்காமல் நகரக்கூடாது. காய்ச்சலோடு சேர்ந்து சூடாக வீங்கிய முட்டி என்றால் அன்றைக்கே ஆஸ்பத்திரி. முட்டி வலி என்று நொண்டி வரும் சின்னப் பையனுக்கு நோய் முட்டியிலேயே இருக்காது, இடுப்பு மூட்டில் இருக்கலாம். இது தெரியாமல் முட்டியை நீவிக்கொண்டே இருந்தால் அந்தப் பையன் கதி என்ன? பிடித்து விடுவதற்கும் பிசியோதெரபிக்கும் வித்தியாசம் இங்கேதான்.

இன்னொரு பாதி, செயல்திறன் சோதனை. வியாசர்பாடியில் ஃபுட்பால் ஆடுகிற பையனுக்கு ஏசிஎல் ஆபரேஷன் ஆகி ஆறு மாதம் ஆகிறது என்று வையுங்கள். வலி இல்லை, நடக்கிறான், ஓடுகிறான். அடுத்த மாதம் டோர்னமென்ட். வீட்டிலும் கோச்சும் கேட்பது ஒரே கேள்விதான்: "ஆடலாமா?" அவனை ஒற்றைக் காலில் தாண்டச் சொல்லி டேப்பால் அளப்பார்கள். ஒரு தாண்டல், தொடர்ந்து மூன்று தாண்டல், கோட்டுக்கு இரண்டு பக்கமும் மாறி மாறித் தாண்டுவது, 6 மீட்டரை எத்தனை நொடியில் தாண்டிக் கடக்கிறான் என்பது. ஆபரேஷன் ஆன கால், நல்ல காலில் 90 சதவீதமாவது தாண்ட வேண்டும் என்பது பொதுவான அளவு. ஆனால் இத்தனை மாதம் ஆடாமல் இருந்ததில் நல்ல காலும் இளைத்திருக்கும். இரண்டும் மோசமாக இருந்து 90 வந்தால் அது பாஸ் இல்லை. எண்ணை மட்டும் பார்க்காமல், குதித்து இறங்கும்போது முட்டி உள்பக்கம் சாய்கிறதா என்றும் கண் பார்க்க வேண்டும். ஒன்பது மாதத்துக்கு முன்னால் விடாதே என்றுதான் இன்றைய ஆராய்ச்சிகள் சொல்கின்றன. கோச், அப்பா, பையன் மூன்று பேர் முகத்தையும் பார்த்து "இப்ப வேண்டாம்" என்று சொல்லும் தைரியம் உங்கள் மகளிடம் இருக்கிறதா?

வயசானவர்களுக்குச் சோதனை வேறு. காசிமேட்டில் நாள் முழுக்கத் தரையோடு உட்கார்ந்து மீன் விற்கும் அம்மா வந்தால், நாற்காலியிலிருந்து கை ஊன்றாமல் 30 நொடியில் எத்தனை தடவை எழுந்து உட்கார முடிகிறது என்று எண்ணுவார்கள். 40 மீட்டர் வேகமாக நடக்கச் சொல்லி நேரம் பார்ப்பார்கள். படி ஏறி இறங்க வைப்பார்கள். எக்ஸ்ரேயில் மூட்டு மோசமாகத் தேய்ந்திருக்கும், ஆனால் ஆள் நன்றாக நடமாடுவார். எக்ஸ்ரே சுமாராக இருக்கும், ஆள் எழுந்திருக்க முடியாமல் தவிப்பார். அதனால் படத்தை விட இந்த எண்ணிக்கைதான் சிகிச்சைக்கு வழிகாட்டும். லிஃப்ட் இல்லாத ஹவுசிங் போர்டு குடியிருப்பில் மூன்றாவது மாடி வீடு, தண்ணீர்க் குடம் கீழேயிருந்து போக வேண்டும் என்றால், படி ஏறுவதுதான் அந்த அம்மாவுக்கு முதல் சிகிச்சை இலக்கு. இதைக் கேட்காமல் மெஷின் வைத்து அனுப்புகிறவர்கள் இருக்கிறார்கள். உங்கள் மகள் அப்படி ஆகக்கூடாது.

இப்போது ஒரு காரியம் செய்யுங்கள். தோழிக்குப் பிசியோதெரபியில் என்ன செய்தார்கள் என்று மகளிடம் கேளுங்கள். "ஏதோ ஒயர் ஒட்டினாங்கப்பா" என்பதோடு முடிந்தால், கொஞ்சம் யோசிக்க வேண்டும். எப்படிப் பிடித்தார்கள், என்ன கேட்டார்கள், முதல் வாரத்துக்கும் நாலாவது வாரத்துக்கும் என்ன வித்தியாசம் என்று சொன்னால் தயங்காமல் சேர்த்து விடுங்கள். முன்பின் தெரியாதவர்களின் காலைத் தொட அருவருப்பு இருக்கிறதா என்றும் கேளுங்கள். வீட்டில் பாட்டிக்கோ அத்தைக்கோ மூட்டு வலி இருந்தால், ஸ்டான்லி ஆஸ்பத்திரிக்குக் காட்டப் போகும்போது துணைக்கு இவளை அனுப்பி, ஒரு காலை நேரம் முழுக்க அங்கே உட்காரச் சொல்லுங்கள். அந்தக் கூட்டத்தையும் பார்த்துவிட்டு வரட்டும்.

சம்பளத்தில் உங்களை ஏமாற்ற விரும்பவில்லை. தனியார் கிளினிக்கில் ஆரம்பச் சம்பளம் குறைவு, சில இடங்களில் மிகவும் குறைவு. எம்பிடி என்கிற மேற்படிப்பு முடித்து, கை திருந்தி, பெயர் வந்த பிறகுதான் நிமிர முடியும். அரசு வேலை என்றால் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம் மூலம் பணியிடம் வரும், ரயில்வே தேர்வு வாரியமும் எடுக்கும். 2021 ஆகஸ்டில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் பிசியோதெரபிஸ்டுகள் வீடு வீடாகப் போகிறார்கள். நாலைந்து வருஷம் கழித்துச் சொந்தமாக வைப்பவர்களும் உண்டு. வெளிநாடு என்று ஏஜென்ட் யாராவது ஆசை காட்டினால், ஒவ்வொரு நாட்டுக்கும் தனி உரிமத் தேர்வு உண்டு என்பதை மட்டும் ஞாபகம் வையுங்கள்.

காலேஜ் விஷயம். அரசு இடங்கள் குறைவு. கே.கே. நகர் அரசு புனர்வாழ்வு மருத்துவ நிலையத்திலும் திருச்சி அரசு பிசியோதெரபி கல்லூரியிலும் பிபிடி என்கிற பிசியோதெரபி பட்டப்படிப்பு இருக்கிறது. கிடைத்தால் யோசிக்கவே வேண்டாம். தண்டையார்பேட்டையில் மெட்ரோ ஏறி சென்ட்ரலில் மாறி அசோக் நகரில் இறங்கினால் கே.கே. நகர் பக்கம்தான். தனியாரில் பார்க்கும்போது கட்டடத்தையும் ஏசி லேபையும் பார்க்காதீர்கள். கூடவே ஆஸ்பத்திரி இருக்கிறதா, தினமும் புறநோயாளிகள் வருகிறார்களா, மாணவர்கள் எந்த வருஷத்திலிருந்து நோயாளியைத் தொடுகிறார்கள் என்று கேளுங்கள். லாக்மன் டெஸ்டை பொம்மையிலும் கூடப் படிப்பவர் காலிலும் மட்டும் செய்து பார்த்தவருக்குக் கிழிந்த முட்டி எப்படி இருக்கும் என்று தெரியவே தெரியாது. தமிழ்நாடு டாக்டர் எம்.ஜி.ஆர். மருத்துவப் பல்கலைக்கழக இணைப்பு இருக்கிறதா என்று பாருங்கள், நிகர்நிலைப் பல்கலைக்கழகம் என்றால் அங்கீகாரத்தைப் பாருங்கள். 'ஆறு மாத பிசியோதெரபி டிப்ளமோ' போர்டு தொங்கும் இடத்தின் பக்கமே போகாதீர்கள்.

நீண்ட காலமாக நாலு வருஷமும் ஆறு மாதப் பயிற்சியும் என்றுதான் இந்தப் படிப்பு இருந்தது. மருத்துவம் சார்ந்த தொழில்களுக்காக 2021இல் வந்த தேசியச் சட்டத்தின் கீழ் அமைந்த ஆணையம் பாடத்திட்டத்தை மாற்றிக்கொண்டிருக்கிறது, பயிற்சியோடு சேர்த்து ஐந்து வருஷம் என்கிறது புதிய திட்டம். நுழைவு விதியும் மாறலாம் என்பதால், மகள் நீட் எழுதிவிடுவது நல்லது. பக்கத்து வீட்டு அண்ணன் போன வருஷம் சேர்ந்த கதையைக் கேட்காமல், இந்த வருஷச் சேர்க்கைக் கையேட்டைப் படியுங்கள்.

ரிசல்ட் வரும் வரை காத்திருக்க வேண்டாம். வீட்டில் யாரும் பட்டம் வாங்காதவர்கள் என்றால் முதல் தலைமுறைப் பட்டதாரி சான்றிதழுக்கு இப்போதே இ-சேவை மையத்தில் எழுதிக் கொடுங்கள். கூடவே சாதிச் சான்றிதழ், வருமானச் சான்றிதழ். மூன்றிலும் மகள் பெயரும் இனிஷியலும் பத்தாம் வகுப்பு மார்க் ஷீட்டில் உள்ளபடியே இருக்க வேண்டும், ஒரு எழுத்து மாறினாலும் கவுன்சலிங் நாளில் அலைய விடுவார்கள். ஆறாம் வகுப்பிலிருந்து அரசுப் பள்ளியில் படித்தவள் என்றால் புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் 1,000 ரூபாய் வரும், அதற்கு அவள் பெயரில் வங்கிக் கணக்கும் ஆதார் இணைப்பும் தயாராக இருக்கட்டும். கையேடு வெளியானதும் அவளையும் கூட்டிக்கொண்டு ஒரு சனிக்கிழமை வாருங்கள், கல்லூரி வரிசையை உட்கார்ந்து எழுதிவிடலாம்.