பாலை நிறுத்தாதீர்கள், புகையை நிறுத்துங்கள்

கேள்வி: குழந்தைக்கு மூன்று மாதம். கணவர் பால்கனியில் நின்றுதான் சிகரெட் பிடிக்கிறார், வாய் கொப்பளித்துவிட்டு வந்து பிள்ளையைத் தூக்குகிறார். 'உனக்குப் போகிற புகை பாலில் இறங்கும், பவுடர் பாலுக்கு மாறிவிடு' என்கிறார் மாமியார். மாறவா?
- வாசகி, அம்பத்தூர்

பதில்: மாற வேண்டாம். மாமியார் சொன்னதில் பாதி சரிதான், அடுத்தவர் விட்ட புகையைச் சுவாசித்தாலும் கொஞ்சம் நிகோடின் ரத்தத்தில் சேரும், பாலிலும் இறங்கும். ஆனால் அம்மாவே புகைக்கிறவராக இருந்தாலும் டாக்டர்கள் சிகரெட்டைத்தான் விடச் சொல்வார்கள், பாலை அல்ல. புகையுள்ள வீட்டில் வளரும் குழந்தைக்கு நெஞ்சுச்சளி, இழுப்பு, காதில் தொற்று எல்லாம் கூடுதலாக வரும், அதை எதிர்க்கிற சக்தி தாய்ப்பாலில் இருக்கிறது. பவுடர் பாலுக்கு மாறினால் புகை அப்படியே இருக்கும், அந்தப் பாதுகாப்பு மட்டும் போய்விடும்.

அப்புறம் அந்த பால்கனி. கதவு இடுக்கில் வருவது ஒரு பக்கம் இருக்கட்டும், வாய் கொப்பளித்தால் சட்டையிலும் தாடியிலும் விரலிலும் படிந்தது எங்கே போகும்? பிள்ளை அந்தத் தோளில்தானே முகத்தைப் புதைத்துத் தூங்குகிறது, அந்த விரலைத்தானே பிடித்து வாயில் வைக்கிறது! சட்டையை மாற்றி, சோப்புப் போட்டுக் கை, முகம் கழுவிவிட்டுத் தூக்கச் சொல்லுங்கள். முக்கியமாக, புகைக்கிறவர் படுக்கிற படுக்கையில் குழந்தையைப் போடவே கூடாது. காரணமே தெரியாமல் தூக்கத்தில் சிசு இறந்துபோகும் ஆபத்து அங்கே அதிகம். அதே அறையில் தனிப் படுக்கை போதும். இத்தனைக்கும் ஒரே தீர்வு அவர் சிகரெட்டை விட்டுவிடுவதுதான், 1800-11-2356 என்ற எண்ணில் இலவசமாக உதவி கிடைக்கும். போன் செய்ய வேண்டியது அவர், நீங்கள் இல்லை.

கேள்வி: நான் புகைக்கிறேன், திட்டாதீர்கள். பால் கொடுக்க எவ்வளவு இடைவெளி வேண்டும்?
- பெயர் வேண்டாம், பெங்களூரு

பதில்: திட்டி என்ன ஆகப்போகிறது? பாலில் நிகோடின் பாதியாகக் குறையவே சுமார் ஒன்றரை மணி நேரம் பிடிக்கும். அதனால் முதலில் பால், பிறகுதான் சிகரெட், அதுவும் வீட்டுக்கு வெளியே. எண்ணிக்கையையும் குறைத்துக்கொண்டே வாருங்கள். புகை, பால் சுரக்க வைக்கும் புரோலாக்டினைக் குறைக்கும், புகைத்த கையோடு பால் கொடுத்தால் பிள்ளையின் தூக்கமும் கெடும். விட நினைத்தால் நிகோடின் சூயிங்கம் பற்றி டாக்டரிடம் கேளுங்கள், சிகரெட்டைவிட அது எவ்வளவோ மேல்.

கேள்வி: பீடி சுற்றுகிறேன். முறத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே பால் கொடுப்பேன். நான் புகைப்பதில்லையே, பரவாயில்லையா?
- வாசகி, பாவூர்சத்திரம்

பதில்: பரவாயில்லை என்று சொல்ல முடியாதும்மா. புகையிலைத் தூள் மூச்சு வழியாகவும் தோல் வழியாகவும் உடம்பில் சேரும். தொழிலை விடு என்று சொல்ல எனக்கு வாய் வராது. சுற்றுவதைக் காற்றோட்டமான திண்ணைக்கு மாற்றுங்கள், பிள்ளை உள்ளே இருக்கட்டும். எழுந்ததும் கையை நன்றாகத் தேய்த்துக் கழுவி, வேறு சேலை கட்டிக்கொண்டு பால் கொடுங்கள். சிந்திய தூளை உடனே கூட்டிவிடுங்கள், தவழுகிற பிள்ளை அதை எடுத்து வாயில் போட்டு வாந்தி எடுத்தால் கை வைத்தியம் பார்க்காமல் நேரே ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடுங்கள்.