பதில்: பிபிசியின் பழைய தொலைக்காட்சித் தொடர் ‘டாக்டர் ஹூ’வில் பாத்திரங்கள் கட்டடத்தை விட்டு வெளியே போனதும் படம் மாறுகிறதே, டிவிடி வட்டு பழுதா?

வட்டு நன்றாகத்தான் இருக்கிறது, மாற்றித் தரச் சொல்லி அலைய வேண்டாம். 70களில் பிபிசி அரங்கக் காட்சிகளைப் பல கேமராக்கள் வைத்து வீடியோ நாடாவில் பதிவு செய்தது. வெளிப்புறம் பெரும்பாலும் 16 மி.மீ. ஃபிலிமில். வீடியோவில் நொடிக்கு 50 புலங்கள் (ஒன்றுவிட்ட வரிகளால் ஆன அரைப் படங்கள்), ஃபிலிமில் 25 சட்டங்கள் (முழுப் படங்கள்). அதனால்தான் கதவைத் திறந்து வெளியே போனதும் அசைவே வேறு மாதிரி தெரிகிறது.

‘ஃபிலிம் எடிட்டர்’ என்று பெயர் வருகிறதே, அவர்தான் முழு அத்தியாயத்துக்கும் எடிட்டரா என்ற உங்கள் இரண்டாவது கேள்விக்கும் விடை இதில்தான். ‘ஃபிலிம் எடிட்டர்’ என்று பெயர் வருபவர் முழு அத்தியாயத்தையும் வெட்டியவர் அல்ல. அந்த ஃபிலிம் துண்டுகளை மட்டும் தொகுத்தவர். நாடாவை வெட்டியது வேறு ஆள். 1986 முதல் வெளிப்புறமும் வீடியோவுக்கே போய்விட்டது. அரங்கம் வீடியோ, வெளிப்புறம் ஃபிலிம் என்ற அந்தப் பழைய முறைக்கு விதிவிலக்காக, 1970இல் வந்த ‘ஸ்பியர்ஹெட் ஃப்ரம் ஸ்பேஸ்’ என்ற ‘டாக்டர் ஹூ’ கதையின் நான்கு பகுதிகளும் முழுக்க ஃபிலிம். ஸ்டூடியோவில் தொழிலாளர் தகராறு, வேறு வழியில்லை.

நீங்கள் எழுதும் கட்டுரைக்குப் பொருளாக ஒரு எடிட்டர் வேண்டும் என்றீர்களே, என்னைக் கேட்டால் பிபிசியை விட்டுவிட்டு பிரிட்டிஷ் தயாரிப்பாளர் ஜெரி ஆண்டர்சனின் பொம்மலாட்டத் தொலைக்காட்சித் தொடர்கள் பக்கம் போங்கள். அவை முழுக்க ஃபிலிமில் எடுத்தவை. அங்கே எடிட்டராக இருந்த டேவிட் லேன் ‘தண்டர்பேர்ட்ஸ்’ தொடரில் இயக்குநரானார், 1966இல் அதன் திரைப்படத்தையும் இயக்கினார். அந்தத் தொடரே முதலில் அரை மணி நேர அத்தியாயங்கள்தான். முதல் கதையைப் பார்த்த லூ கிரேட், தொடருக்குப் பணம் போட்ட தொலைக்காட்சி நிறுவனத் தலைவர், ஒரு மணி நேரமாக்கச் சொல்லிவிட்டார். அப்புறம், முடித்து வைத்திருந்ததை எல்லாம் இழுத்து நீட்டவேண்டி வந்தது, பாவம்.